ஏழாவது வால்வு

மணி பதினொன்று பத்து. சிறுநீர் டியூபை எடுத்தது ஒன்பது இருபதுக்கு. ஜெபக்கனி சிஸ்டர் ஒரு சிரிஞ்சை அந்தக் குழாயின் கிளையில் செருகி, உள்ளே உப்பியிருந்த பலூனின் தண்ணீரை உறிஞ்சி எடுத்துக்கொண்டு, "மூச்ச நல்லா இழுத்து விடுங்க தாத்தா" என்றது. இழுத்து விடுவதற்குள், ஐந்து வாரமாக என்னோடு படுத்து என்னோடு எழுந்த சாமான் தட்டில் சுருண்டு கிடந்தது. போய்த் தொலை என்று மனசுக்குள் சொன்னேன். கூடவே கொஞ்சம் பயமாகவும் இருந்தது. அது இருந்தவரை அதன் வேலையை அது பார்த்துக்கொண்டது, இனி நான் பார்க்க வேண்டும். ஒரு மணி வரைக்கும் கெடு. அதற்குள் சிறுநீர் தானாகப் போக வேண்டும், இந்தப் பிளாஸ்டிக் ஜாடியில்தான் போக வேண்டும், இருநூறு என்று போட்ட கோட்டையாவது தொட வேண்டும், பிறகு ஸ்கேன் வைத்து உள்ளே மிச்சம் எவ்வளவு என்று பார்ப்பார்கள். போகவில்லை என்றால் மறுபடியும் டியூப், மறுபடியும் பை, இன்னும் ஒரு மாதம். ஜாடி கட்டிலுக்கு அடியில் அலுங்காமல் உட்கார்ந்திருக்கிறது. எழுபத்தொரு வயதில் ஒரு ஜாடிக்குப் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது பாருங்கள். என் பெஞ்சாதி உலகம்மாள் ஸ்டூலைக் கட்டிலோடு ஒட்டிப் போட்டு உட்கார்ந்து என் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறாள், அடுப்பில் பாலை வைத்துவிட்டுப் பார்ப்பாளே அந்தப் பார்வை. "வருதா?" "வரல." "ஒரு மடக்கு குடிங்க." குடித்தேன். "இப்ப?" இவளை என்ன சொல்ல. தொண்டையில் இறங்கினது அடுத்த நிமிஷமே அங்கே வந்து நிற்க நான் என்ன ஓட்டைக் குடமா. ஆனால் அவள் கேட்கக் கேட்க எனக்கும் அடிவயிற்றில் என்னமோ அசைகிற மாதிரி இருக்கிறது. கவனித்துப் பார்த்தால் ஒன்றுமில்லை, அது காலையில் தின்ற இட்லி.

முப்பத்திநாலு வருஷம் எங்கள் ஊர் நகராட்சியில் தண்ணீர் திறந்துவிடுகிறவனாக இருந்தவன் நான். ஆறுமுகநயினார் என்றால் பாதி ஊருக்குத் தெரியாது, தண்ணிக்கார நயினார் என்றால் தெரியாத வீடு கிடையாது. விடிவதற்கு முன்னால் சைக்கிளில் வால்வு திருகுகிற என் நெஞ்சு உயர இரும்புச் சாவியைக் கட்டிக்கொண்டு கிளம்புவேன். தெருமுக்கில் குழிமூடியைத் தூக்கிவிட்டு, உள்ளே இறங்கி, சாவியை மாட்டிப் பதினாலு சுற்றுச் சுற்றினால் ஒரு தெருவே விழித்துக்கொள்ளும். முதலில் ஒரு பெண் கத்துவாள், "தண்ணி வந்துட்டேய்!" உடனே குடம் குடமாக மோதுகிற சத்தம், சண்டை, சிரிப்பு. ஒரு நாள் விட்டு ஒரு நாள் முறை, தெருவுக்கு ஒரு மணி நேரம். ஊருக்கே திறந்துவிட்டவனுக்கு இன்றைக்குத் தன்னுடையதைத் திறக்கத் தெரியவில்லை என்று பக்கத்துக் கட்டில் தாசையா வாத்தியார் காலையிலிருந்து நாலு தடவை சொல்லிவிட்டார். அவர் ரிட்டயர் ஆன டிரில் மாஸ்டர், அவருக்கும் டியூப்தான், அவருக்கு எடுக்கிற நாள் அடுத்த வாரம், அந்தப் பொறாமை. சொல்லிவிட்டுப் போகட்டும். எனக்கு வேறு ஒரு கணக்கு இருக்கிறது. நடுவில் வந்த காய்ச்சல் விட்ட பிறகு தினமும் காலையில் கண்ணை மூடிக்கொண்டு என் வால்வுகளை வரிசையாகச் சொல்லிப் பார்க்கிறேன், மண்டை சரியாக இருக்கிறதா என்று பார்க்க. மொத்தம் பத்தொன்பது. ஒன்று தலைத்தொட்டி, இரண்டு மேல ரத வீதி, மூன்று சன்னதி முக்கு, நாலு பஜார், ஐந்து பள்ளிவாசல் தெரு, ஆறு போஸ்டாபீஸ் சந்து. அப்புறம். அப்புறம் எட்டு தாலுகா ஆபீஸ், ஒன்பது வண்டிப்பேட்டை என்று ஓடிவிடுகிறது. ஏழு எங்கே? பத்து நாளாக ஏழு இல்லை. பத்தொன்பதிலும் ஒன்றுதானே என்று விடலாம், ஆனால் நாக்கு விழுந்த பல்லின் பள்ளத்துக்கே போகிற மாதிரி மனசு அங்கேயே போகிறது. உலகம்மாளிடம் கேட்டால் சொல்லிவிடுவாளோ என்னமோ. கேட்க மாட்டேன். கேட்டால் நான் மறந்தது தெரிந்துவிடும்.

என் சாவி ஒரு தடவை காணாமல் போனது ஏனோ இப்போது ஞாபகம் வருகிறது. என் கல்யாணத்துக்கு முந்தின கோடை. ஏதோ ஒரு குழியில் வேலையை முடித்து, சாவியைச் சுவரில் சாய்த்து வைத்துவிட்டு ஒரு டீ குடித்து வருவதற்குள் சாவியைக் காணோம். அத்தனை பெரிய இரும்பை எவன் தூக்குவான்? ஊர் முழுக்கத் தண்ணீர் நின்றது, இன்ஜினியர் மெமோ கொடுத்தார், மறுநாள் விடியலில் அதே முக்கில் கரண்ட் கம்பத்தில் சாய்ந்து நிற்கிறது, கழுவித் துடைத்து! எந்த முக்கு என்றுதான் வரவில்லை. இந்தக் கதையை நான் நூறு பேருக்காவது சொல்லியிருப்பேன். கடைசியில் எப்போதும் ஒன்றுதான் சொல்வேன்: எடுத்தவன் கை அழுகிப் போக. "தண்ணி வேணுமா இன்னும்?" என்கிறாள் உலகம்மாள். போதும் என்றேன். ஒரேயடியாகக் குடிக்கக் கூடாது, மணிக்கு ஒரு தம்ளர் போதும் என்று சிஸ்டர் சொல்லியிருக்கிறது. இவள் விட்டால் குளத்தையே ஊற்றுவாள்.

எல்லாம் ஒரு கல்யாண வீட்டுக்குப் போனதால் வந்த வினை. புராஸ்டேட் வீங்கி ஒரு நாள் முழுக்க அடைத்துக்கொண்டு துடித்தபோது இங்கேதான் டியூப் போட்டு அனுப்பினார்கள், மாத்திரையும் கொடுத்தார்கள். டாக்டர் ரஹ்மத் நிஷா, சின்னப் பெண், பொறுமையாகச் சொன்னாள்: பையை எப்பவும் இடுப்புக்குக் கீழே தொங்கவிட வேண்டும், தரையில் படக் கூடாது, தொடுமுன் கை கழுவ வேண்டும், பையை டியூபிலிருந்து கழற்றக் கூடாது. தலையைத் தலையை ஆட்டினேன். மூன்றாவது வாரம் பம்ப் ஆபரேட்டர் இசக்கியப்பன் மகள் கல்யாணம் வந்தது. போகாமல் இருக்க முடியுமா, அவனும் நானும் ஒரே தொட்டியில் குளித்தவர்கள். ஆனால் மூத்திரப் பையோடு பந்தியில் போய் எப்படி நிற்பது? அப்போதுதான் என் புத்தி வேலை செய்தது. வீட்டில் கிடந்த பழைய மஞ்சள் தாம்பூலப் பை ஒன்றை எடுத்து, அதில் யாரோ ஒரு மணமக்கள் பெயர் அச்சடித்திருந்தது, அதற்குள் இந்தப் பையை வைத்து, குழாயை வேட்டிக்குள் மறைத்துவிட்டேன். பார்க்கிறவனுக்கு நான் ஒரு தேங்காயும் வெற்றிலையும் வாங்கிய கௌரவமான மனுஷன். உலகம்மாள் பார்த்துவிட்டு, "ரெண்டு கல்யாணம் முடிச்சிட்டா போறிய?" என்றாள். மண்டபத்தில் நாற்காலியில் உட்கார்ந்து, சொன்னபடியே பையைக் கீழே காலோடு தொங்கவிட்டேன். பக்கத்தில் ஒரு அம்மாள், பழுத்த சுமங்கலி, பதறிப் போனாள். "ஏ ராசா, தாம்பூலத்தக் காலடியில வைக்கலாமா? மகாலெச்சுமில்லா!" என்று தன் கையாலேயே எடுத்து என் மடியில் வைத்து, தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். தேங்காய் இளஞ்சூடாக இருக்கிறதே என்று நினைத்திருப்பாள் பாவம். இதற்குப் பிறகு அதைக் கீழே எப்படி வைப்பது? தாலி கட்டும்வரை மடியில், பந்தியில் தோளில், திரும்பி வருகையில் பஸ்ஸில் ஒரு மணி நேரம் நெஞ்சோடு அணைத்து. வாசலில் தாம்பூலம் கொடுத்த பெண் வேறு என் பையைப் பார்த்துவிட்டு, "தாத்தா, வாங்கிட்டீங்கள்ல?" என்று கையை இழுத்துக்கொண்டது. தோளில் வைத்தால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியாதா? வீட்டுக் குழாயில் ரப்பர் டியூபை மாட்டி வாளிக்குள் முக்கிப் போடாதீர்கள், தண்ணீர் நின்றதும் வாளி அழுக்கு பைப்புக்குள் திரும்பிவிடும், ஒரு வீட்டு அழுக்கைத் தெருவே குடிக்கும் என்று முப்பத்திநாலு வருஷம் வீடு வீடாகத் திட்டியவன் நான். மேட்டில் வைத்த தண்ணீர் பள்ளத்துக்குத்தான் வரும், அது மடியா மண்டபமா என்று பார்க்காது. தெரிந்தேதான் வைத்தேன், அந்த அம்மாளின் முகத்துக்காக. கௌரவம் என்னை எங்கே கொண்டுவந்து படுக்க வைத்திருக்கிறது என்று நினைத்தால் இப்போதுகூட சிரிப்புதான் வருகிறது. சிரித்தால் அடிவயிற்றில் சுருக்கென்கிறது. மணி பதினொன்று நாற்பது.

மூன்றாம் நாள் குளிர் தூக்கிப் போட்டது. அது வரைக்கும் தெரியும். அதற்குப் பிறகு மூன்று நாள் என்னிடம் இல்லை. எங்கே போனது என்றும் தெரியவில்லை, சட்டைப் பையில் ஓட்டை விழுந்து கொட்டிப்போன மாதிரி. கண் விழித்தபோது கையில் ஊசி, தலைக்கு மேலே மருந்துப் பாட்டில், பக்கத்தில் இவள். பெயர் கேட்டார்கள், சொன்னேன். ஊர் கேட்டார்கள், சொன்னேன். எல்லாரும் சந்தோஷப்பட்டார்கள். சாயங்காலம் இவள் காபி வாங்கப் போன சமயம் தாசையா வாத்தியார் கட்டிலிலிருந்தே சாய்ந்து, "வே, ஒரு விசயம். நேத்து நீரு ஒம்ம பெஞ்சாதியப் பாத்து, யாரு பிள்ள நீ, போ போன்னு வெரட்டுனீரு. அந்தம்மா வாயப் பொத்திக்கிட்டு வெளிய போயிட்டு" என்றார். அவர் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை, டிரில் மாஸ்டர், நடந்ததை நடந்தபடி சொல்கிறவர். நாற்பத்திநாலு வருஷம். யாரு பிள்ள நீயா? என் கூடப்பிறந்தவர்களை மறந்தால்கூட ஒரு நியாயம் உண்டு, அவர்கள் என்னை மறந்து வெகுநாளாகிறது. டாக்டர் பெண்ணிடம் ரகசியமாகக் கேட்டேன். "வயசானவங்களுக்கு யூரின்ல இன்பெக்சன் வந்தா சில பேருக்கு புத்தி தடுமாறும் ஐயா. இது மறதி நோய் இல்ல. கிருமி போச்சுன்னா தெளிஞ்சிரும், ஒங்களுக்குத் தெளிஞ்சிருச்சு பாருங்க" என்றாள். அப்புறம், "டியூப் உள்ள இருக்கிற ஒவ்வொரு நாளும் கிருமிக்குக் கதவத் தொறந்து வச்ச மாதிரி. அதான், சீக்கிரம் எடுத்துப் பாத்துருவோம்ங்கேன்" என்றாள். இதுதான் விஷயம். ஜாடி இல்லை, இருநூறு கோடு இல்லை. ஒரு மணிக்குள் போகவில்லை என்றால் கதவு மறுபடியும் திறக்கும், காய்ச்சல் மறுபடியும் வரலாம், மறுபடியும் இவளை யாரென்று கேட்பேன், அந்தத் தடவை தெளியாமலே போனால்? எனக்குச் சாவுக்குப் பயமில்லை என்று சொன்னால் பொய், ஆனால் அதைவிட இதற்குத்தான் பயம். இவள் பக்கத்தில் உட்கார்ந்து "வருதா" என்று கேட்க, நான் இது யார் வீட்டுப் பொம்பளை என்று பார்ப்பது. இவளிடம் ஒரு வார்த்தை கேட்டுவிடலாம் என்று பத்து நாளாகப் பார்க்கிறேன். "அந்த மூணு நாள்ல" என்று ஆரம்பித்தாலே முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அந்தப் பக்கம் திரும்பிக்கொள்கிறாள், தோள் குலுங்குகிறது. அழுகிறவளிடம் மேலே என்ன கேட்பது? விட்டுவிடுகிறேன். ஒன்று தலைத்தொட்டி, இரண்டு மேல ரத வீதி.

பதினொன்று ஐம்பதுக்கு முட்டிக்கொண்டு வந்த மாதிரி இருந்தது. ஜாடியைத் தூக்கிக்கொண்டு எழுந்தேன். வார்டே பார்த்தது. வார்டுக் கோடியில் பாத்ரூம், நடுவில் இருபது கட்டில், ஒவ்வொரு கட்டிலிலிருந்தும் ஒரு ஆசீர்வாதம். ஜெபக்கனி சிஸ்டர் பின்னாலேயே வந்து, "டேப்பத் தொறந்து விட்டுட்டு நில்லுங்க தாத்தா, தண்ணி சத்தம் கேட்டா தானா வந்துரும்" என்றது. திறந்தேன். டேப் ஒரு தடவை இருமியது, புஸ்ஸென்றது, ஒரு சொட்டு வந்தது, நின்றுவிட்டது. எனக்கு உடனே தெரிந்துவிட்டது, லைனில் காற்று அடைத்திருக்கிறது. காலிப் பைப்பில் தண்ணீரை விட்டால் முன்னால் நிற்கிற காற்று வழிவிடாது, கோடியில் இருக்கிற குழாயை முதலில் திறந்து காற்றை வெளியேற்ற வேண்டும், இருமும், துப்பும், அப்புறம்தான் வரும். யார் இங்கே மேஸ்திரி, கூப்பிடுங்கள் என்று சொல்ல வாய் வந்தது. வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஒரு கையில் ஜாடியோடு நின்று ஆஸ்பத்திரி பைப் லைனைச் சரிபண்ண யோசித்துக்கொண்டிருந்தேன் பத்து நிமிஷம். எனக்கு வரவில்லை, டேப்புக்கும் வரவில்லை. இரண்டு பேரும் ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கொண்டோம். வெளியே வந்தால் தாசையா வாத்தியார், "என்ன வே?" என்றார். "ஏர் லாக்" என்றேன். நாலு கட்டில் சிரித்தது.

பன்னிரண்டு இருபது. இப்போது நிஜமாகவே இருக்கிறது, அடிவயிறு கல்லாக இருக்கிறது, சிஸ்டர் மெல்ல அமுக்கிப் பார்த்து, "உள்ள இருக்கு தாத்தா. பயப்படாதீங்க, பயந்தாத்தான் பூட்டிக்கும்" என்று சொல்லிவிட்டுப் போனது. பயப்படாதே என்றால் பயம் போய்விடுமா. கெடிகாரத்தைப் பார்க்கக் கூடாது என்று இந்தப் பக்கம் திரும்பினால் இவள் இருக்கிறாள். மூக்குத்தி, நரைத்த வகிடு, காதோரம் பவுடர் கொஞ்சம் திட்டாக. இன்றைக்குப் பவுடர் போட்டு வந்திருக்கிறாள், டியூப் எடுக்கிற நாளென்று, ஏதோ விசேஷ வீட்டுக்கு வந்த மாதிரி. இவளைப் பெண் பார்க்கப் போன அன்றைக்கும் இப்படித்தான், பவுடர் திட்டாக. தலையைக் குனிந்தபடியே காபி கொண்டுவந்து வைத்தாள், நிமிரவே இல்லை, தோள் மட்டும் குலுங்கியது. பிள்ளை பயந்துவிட்டது என்று எங்கள் அக்காள் சொன்னாள். கல்யாணம் ஆகி ஒரு மாதம் கழித்து, "ஒங்கள எனக்கு அதுக்கு முன்னாலயே தெரியும்" என்றாள் ஒரு நாள். எப்படி என்றேன். "தெரியும்" என்றாள். அவ்வளவுதான். ஊருக்கே தெரிந்த தண்ணிக்காரனை இவளுக்கும் தெரிந்திருக்கும் என்று நானும் விட்டுவிட்டேன். இப்போது அதையும் கேட்கத் தோன்றுகிறது. கேட்க வேண்டியதையெல்லாம் கேட்டு வைத்துக்கொள்ள வேண்டும், அடுத்த காய்ச்சலுக்கு முன்னால். ஆறு போஸ்டாபீஸ் சந்து. அந்தச் சந்திலிருந்து சைக்கிளை எந்தப் பக்கம் திருப்புவேன்? இடது பக்கம். இடது பக்கம் ஒரு வேப்பமரம், ஒரு டீக்கடை, அப்புறம் ஒரு குழி, என் தலைக்கு மேலே வெளிச்சம், இரண்டு கால், கொலுசு, ஒரு பித்தளைக் குடத்தின் அடிப்பாகம். இது எங்கிருந்து வருகிறது? குழிக்குள் நிற்கிறவனுக்கு ஊர் முழுக்கக் காலாகத்தான் தெரியும், எத்தனை கால் பார்த்தேன், இதில் எந்தக் கால் இது. போய்விட்டது. எட்டு தாலுகா ஆபீஸ்.

பன்னிரண்டு நாற்பதுக்கு உலகம்மாளே எழுந்து ஜாடியைக் கையில் எடுத்துக்கொண்டாள். "வாங்க, நான் வெளிய நிக்கேன்." இனி ஒரு தடவைதான். ஒரு மணிக்கு டியூப் டிரே வந்துவிடும், சிஸ்டர் பீரோவைத் திறந்து புதுப் பாக்கெட்டை எடுத்ததை நான் பார்த்துவிட்டேன். உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். ஜாடியைப் பிடித்தேன். டேப்பைத் திறந்தேன், இருமியது. காத்திருந்தேன். கதவுக்கு அடியில் அவளுடைய செருப்பு நுனி தெரிந்தது, இரண்டு கால், கொலுசு இல்லை, மெட்டி. எனக்குக் கண் கலங்கிவிட்டது. முகம் பார்த்துக் கேட்க முடியாததைக் கதவைப் பார்த்துக் கேட்டுவிடலாம் என்று தோன்றியது. "ஏ உலகு" என்றேன். "வந்துட்டா?" "இல்ல. அந்த மூணு நாள்ல நான் ஒன்ன யாருன்னு கேட்டனாமே." செருப்பு நுனி அந்தப் பக்கம் திரும்பியது. அழுகிறாள். கேட்டிருக்கவே கூடாது. "கேட்டிய" என்றாள், குரல் ஒரு மாதிரியாக இருந்தது. "ஒனக்கு எப்படி இருந்துச்சோ. எனக்குத் தெரிஞ்சு சொல்லல உலகு, காச்சல்ல" என்றேன். "முழுசா என்ன சொன்னியன்னு தெரியுமா ஒங்களுக்கு?" என்றாள். "தெரியாது." "யாரு பிள்ள நீ, போ போ, ஒங்க தெருவுக்கு இன்னைக்கு மொறை இல்ல, கொடத்தக் கவுத்து வச்சிட்டு நாளைக்கு வான்னிய." எனக்கு ஒன்றும் புரியவில்லை. "எந்தத் தெருவுக்கு?" "எந்தத் தெருவுக்கா? எங்க தெருவுக்குத்தான், செக்கடித் தெருவுக்கு."

செக்கடித் தெரு! ஏழு செக்கடித் தெரு. போஸ்டாபீஸ் சந்தில் இடது பக்கம் திரும்பினால் வேப்பமரம், டீக்கடை, குழி. பத்து நாளாக நான் வால்வைத் தேடிக்கொண்டிருந்தேன், அந்த இடம் நாற்பத்திநாலு வருஷமாக மாமனார் வீட்டுத் தெரு என்று வேறு எங்கேயோ போய் உட்கார்ந்திருக்கிறது. "காச்சல்ல புதுசா ஒண்ணும் சொல்லல நீங்க" என்கிறாள் கதவுக்கு வெளியே. "நம்ம கல்யாணத்துக்கு முந்தின கோடையில எங்க தெருவுல ரெண்டு மொறை தண்ணி வரல. நான் கொடத்த எடுத்துட்டு வந்து கேட்டேன். நீங்க குழிக்குள்ள நின்னுக்கிட்டு நிமிந்துகூடப் பாக்காம இதே வார்த்தைதான் சொன்னிய, ஒரு எழுத்து மாறல. கட்டில்ல படுத்துக்கிட்டு மறுபடியும் அதச் சொல்லவும் எனக்கு இருபது வயசு ஆயிட்டு." நிமிர்ந்து பார்க்கவில்லை. அந்தக் கொலுசு. "அதோட நிறுத்துனியளா? என் கையப் பிடிச்சிக்கிட்டு, சாவியக் குடுத்துரு பிள்ள, மெமோ குடுத்துருவாங்கன்னு கெஞ்சுதிய. எனக்குத் தூக்கிவாரிப் போட்டுட்டு. இந்த மனுசனுக்கு இத்தன வருசமும் தெரிஞ்சே இருந்துருக்கோன்னு." "என்ன தெரிஞ்சி?" "சாவிய எடுத்தது நாந்தான்னு." நான் ஜாடியைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன். "நீயா?" "நான் இல்லாம? ஆத்திரத்துல இழுத்துட்டுப் போயி விறகுக்கு அடியில போட்டுட்டேன். ராத்திரி அப்பாவுக்குத் தெரிஞ்சிருமோன்னு பயந்து, கழுவிக் கொண்டாந்து வச்சேன். பொண்ணு பாக்க யாரு வாராவன்னு பாத்தா, நீங்க! சிரிப்பு அடக்க மாட்டாம காபியவே கொட்டப் பாத்தேன்." "இத்தன வருசம் சொல்லலியே ஏளா!" "எப்படிச் சொல்ல? ஒவ்வொரு தடவையும் எடுத்தவன் கை அழுகிப் போகன்னுல்லா முடிப்பிய. அந்தக் கையாலதான ஒங்களுக்குச் சோறு போடுதேன்." முந்தானையை வாயில் வைத்துக்கொள்ளவில்லை போலிருக்கிறது இந்தத் தடவை, அவள் சிரிப்பது அப்படியே கேட்டது, இருபது வயசுப் பிள்ளை சிரிக்கிற மாதிரி. அப்போ பத்து நாளாகத் திரும்பித் திரும்பிக் குலுங்கியதும் இதற்குத்தானா? நான் இவளை மறக்கவில்லை. மறக்கவே இல்லை. பார்க்காதது என்று நான் நினைத்திருந்ததைக்கூட எங்கேயோ வைத்திருக்கிறேன், காய்ச்சல் போய் அதை எடுத்துக்கொண்டு வந்திருக்கிறது. அந்த இரும்புச் சாவியை, என் நெஞ்சு உயரத்தை, ஒரு ஒல்லிப் பிள்ளை தெருவில் இழுத்துக்கொண்டு போவதை நினைத்தேன், இன்ஜினியர் மெமோவை நினைத்தேன், கழுவித் துடைத்து வைத்ததை நினைத்தேன், சிரிப்பு முதலில் மூக்கில் வந்தது, பிறகு வயிற்றில் வந்தது, சுவரில் கையை ஊன்றிக்கொண்டு சிரித்தேன், சிரிக்கச் சிரிக்க எங்கேயோ ஒரு இருமல் இருமியது, டேப் என்று நினைத்தேன், டேப் இல்லை. எரிந்தது, எரியும் என்று சொல்லியிருந்தார்கள், சொட்டுச் சொட்டாக வந்தது, நின்றது, பிறகு ஜாடியில் விழுகிற சத்தம். ஐம்பது. நூறு. வெளியே சிரிப்பு நின்றுவிட்டது, அவள் கதவில் காதை வைத்திருக்க வேண்டும். நூற்றைம்பது. இருநூறு கோட்டைத் தாண்டி இன்னும் விழுந்துகொண்டிருக்கிறது. ஸ்கேன் இருக்கிறது, மிச்சம் பார்ப்பார்கள், பார்க்கட்டும். "தாத்தா, கீழ ஊத்திராதீங்க, அளவு பாக்கணும்" என்று ஜெபக்கனி சிஸ்டர் ஓடி வருகிற சத்தம் கேட்கிறது. அதற்கு முன்னால், வார்டு முழுக்க, இருபது கட்டிலும் எழுந்து உட்காரும்படி, தெருமுக்கில் நான் முப்பத்திநாலு வருஷம் கேட்ட அதே குரலில் உலகம்மாள் கத்துகிறாள்: "தண்ணி வந்துட்டேய்!"

"ஏ பிள்ள" என்றேன் உள்ளேயிருந்து. "ஒங்க தெருவுக்கு இன்னைக்குத்தான் மொறை."